அக்காவுக்கு நான் வாங்கிக் கொடுத்த சங்கு

மண்சரிவில் மகனைப் பறிகொடுத்த என் அக்கா இரண்டு மாதமாக அழுதுகொண்டே இருந்தாள். தெமோதரைத் தேயிலைத் தோட்டத்தில், ஒரே லயத்து வரிசையில் அடுத்தடுத்த வீட்டில் இருந்தோம். அவள் மனம் ஆறட்டும் என்று, இறந்தவர் குரல் கேட்கும் மந்திரச் சங்கு ஒன்றைப் பதுளையில் வாங்கிவந்து கொடுத்தேன்.

சங்கைக் காதில் வைத்ததும் அக்கா சிரித்தாள். அன்று வயிறாரச் சாப்பிட்டாள். நல்லது செய்துவிட்டதாகத்தான் நினைத்தேன். ஆனால் சில வாரங்களில், நாங்கள் கூப்பிட்டால் அவள் திரும்பிப் பார்ப்பதே நின்றுபோனது.

ஒரு நாள் மத்தியானம் அவளுடைய சின்ன மகள் கொதிநீரைக் காலில் கொட்டிக்கொண்டு, "அம்மா! அம்மா!" என்று அலறினாள். கைக்கெட்டும் தூரத்தில் இருந்த அக்கா, சங்கைக் காதில் வைத்தபடி யாருக்கோ தலையாட்டிக்கொண்டிருந்தாள்.

பிள்ளையை நான்தான் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினேன். நடந்ததைக் கேட்ட யாழ்ப்பாணத்து டாக்டரம்மா, "இதுக்குச் சங்குக்காது எண்டு பேர். மனசுக்கு வாற நோய். அந்தச் சங்கை உடைச்சால்தான் உயிரோட இருக்கிற பிள்ளையின்ர சத்தம் அவவுக்குக் கேக்கும்" என்றார்.

வீட்டுக்கு வந்ததும் சங்கைப் பிடுங்கி வாசல் கல்லில் ஓங்கி அடித்தேன். சிதறிய சில்லுகளைப் பொறுக்கியபடி அக்கா என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"பசிக்குதும்மான்னு இப்பதான் சொன்னான், தம்பி. அதுக்குள்ள உடைச்சிட்டியே."

இப்போது மகள் கூப்பிட்டால் அவளுக்குக் கேட்கிறது. என்னோடு மட்டும் பேசுவதில்லை. அக்காவின் துக்கத்துக்காகத்தான் வாங்கினேன் என்று எல்லோரிடமும் சொல்லிவந்தேன். உண்மை அதுவல்ல. அவள் அழும்போது பக்கத்தில் உட்கார்ந்திருக்க எனக்குத் தைரியம் வரவில்லை.