ஊமைப்படத்தில் என் குரல்

எண்பதுகளின் கடைசியில் என் மகள் கணக்கியல் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு, நகரத்தின் மறுகோடியில், ஆர்ச்வேயில் சிநேகிதிகளோடு அறை எடுத்துப் போனாள். பழைய ஜப்பானிய ஊமைப்படங்களை ஆராயப் போகிறாளாம். அகதியாக வந்த குடும்பத்துக்கு இதைவிட அவசரமான வேலை என்ன இருக்க முடியும்? மோர்டனில் எங்கள் வீட்டுத் தொலைபேசி அடித்தாலே, ஏதோ நடந்துவிட்டது என்றுதான் நினைப்பேன். இப்போதும் அப்படித்தான்.

"படம் காட்டுறம், வாங்கோ அம்மா" என்று ஒருநாள் அழைத்தாள். கையோடு வீட்டுக்குக் கூட்டிவந்துவிடுவது என்ற முடிவோடு ரயில் ஏறினேன்.

அந்தக் காலத்து ஜப்பானில் ஊமைப்படத்தைச் சும்மா ஓடவிட மாட்டார்களாம். திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதை சொல்லி, எல்லாருக்கும் குரல் கொடுப்பாராம். பொம்மலாட்டத்திலிருந்தும் நாடக மேடையிலிருந்தும் வந்த வழக்கம். எங்கள் வீட்டில் வீடியோப் படம் ஓடும்போது இதே வேலையை என் கணவர் செய்வார். அங்கே அது தொல்லை, இங்கே கலை.

அன்று திரைக்குப் பக்கத்தில் நின்றவள் என் மகள்.

படத்தில் தாயாக வந்தவர் ஓர் ஆண். அவர்களுடைய மேடையில் பெண் வேடமும் ஆண்களுக்குத்தான். சினிமா வந்ததும் அவர்களே கிமோனோ அங்கியோடு இறங்கி வந்துவிட்டார்கள். பக்கத்திலிருந்த வெள்ளைக்காரி வாயைப் பிளந்தாள். கூத்துப் பார்த்து வளர்ந்த எனக்குத் தோளைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது.

திரையில் மகன் பட்டணத்துக்குப் புறப்பட்டான். தாய் வாயசைத்தாள். அதுவரை ஆங்கிலத்தில் சொல்லிவந்த என் மகள் திடீரென்று தமிழுக்கு மாறினாள்.

"சாப்பிட்டியே? கோட்டு எங்கை? இருட்ட முன்னம் வீட்டை வந்திடு. நான் செத்தாப்பிறகுதான் உனக்கு விளங்கும்!"

அதே வேகம், கடைசியில் அதே மூக்குறிஞ்சல். ஒரு சொல்லும் விளங்காத சனம் விழுந்து விழுந்து சிரித்தது. என்னை நடிக்க ஒரு ஜப்பானிய ஆம்பிளை தேவைப்பட்டிருக்கிறது. பெருமைதான்.

மகன் தெருமுனையில் மறைந்தான். வாசலில் நின்ற தாய்க்கு அவள் குரல் கொடுக்கவில்லை. சிரித்த மண்டபமும் அடங்கிவிட்டது.

படம் முடிந்து மகள் வெளியே வந்தாள்.

"நான் அப்பிடியோ கத்துறனான்?"

"இல்லையம்மா. குறைச்சுத்தான் செய்தனான்."

"வீட்டை வாவன்."

"ஞாயிற்றுக்கிழமை வாறன். சாப்பிட மட்டும். இருக்க இல்லை."

ரயிலில் நான் தயார்செய்து வந்த பேச்சு முழுவதையும் அவள் ஏற்கெனவே பேசி, கைதட்டலும் வாங்கிவிட்டாள்.

"புட்டோ, சோறோ?" என்று கேட்டேன்.