பலகையில் எழுதாத இடம்

'ஏன் அக்கா' என்பது மருத்துவமனை அவளுக்கு வைத்த பெயர். எந்தச் சுற்றறிக்கை வந்தாலும் கையெழுத்துக்கு முன் "ஏன்?" என்று கேட்டுவிடுவாள். வேலை மருந்தாளுநர். ஒரே ஒரு பேருந்து ஏறி இறங்கும் மலையூரில் ஏழு வருடம் ஓட்டிவிட்டாள். கணவனும் பத்தாவது படிக்கும் மகளும் நகரத்தில். வாரத்தில் ஒருநாள் மட்டும் அம்மா.

"எல்லாம் விதிம்மா" என்றாள் நாத்தனார்.

"எனக்குத் தெரிஞ்ச விதி, பணி விதி ஒண்ணுதான் அண்ணி. அதுல ஒரு இடத்துக்கு மூணு வருஷம்னு போட்டிருக்கு."

தலையெழுத்துக்குக் கோப்பு எண் கிடையாது. இவளுடைய ஏழு வருடத்துக்கு இருந்தது.

இந்த வருட இடமாறுதல் கலந்தாய்வில், பணிமூப்புப் பட்டியலில் அவள் மூன்றாவது. காலியிடங்களைப் பலகையில் எழுதி, மூப்பு வரிசைப்படி கூப்பிடுவார்கள். ஒன்பது மணி என்றார்கள். பலகை பதினொன்றரைக்கு வந்தது. அதுவரை அவள் நாற்காலியில் ஐந்து நிமிடம் சேர்ந்தாற்போல் உட்காரவில்லை. பலகையில் ஆறு இடங்கள். நகரத்துப் பெரிய மருத்துவமனை இல்லை.

முந்தின நாள்தான் மகளின் இருமலுக்கு மருந்து வாங்க அங்கே வரிசையில் நின்றிருந்தாள். இரண்டாவது ஜன்னல் சாத்தியிருந்தது. "அவர் ரிட்டயர் ஆகி ரெண்டு மாசமாச்சும்மா. ஒத்தை ஆளா மாரடிக்கிறேன்" என்றிருந்தார் உள்ளே இருந்தவர்.

முதல் ஆள் கண்ணாடிக்காரர். ஓய்வுக்கு இரண்டு வருடம் பாக்கி. ஆறில் நகரத்துக்குப் பக்கமான, இரண்டு மணி நேரப் பயணத்தில் உள்ள மருந்தகத்தை எடுத்துக்கொண்டார். இரண்டாவது அம்மா தன் சொந்த ஊரை எடுத்துக்கொண்டு சிரித்தபடி போய் உட்கார்ந்தாள். அடுத்து இவள்.

"பெரிய ஆஸ்பத்திரி ஏன் சார் பலகையில இல்ல?"

"அது நிர்வாகக் காரணத்துக்காக நிறுத்தி வச்சிருக்கும்மா" என்றார் அதிகாரி.

"அந்த நிர்வாகக் காரணம் பட்டியல்ல எத்தனாவது ஆளு சார்? எனக்கு முன்னாடியா, பின்னாடியா?"

கூடம் சிரித்தது. "யார் வீட்டு மாப்பிள்ளையோ அக்கா!" என்றது பின்வரிசை.

அதிகாரி தண்ணீர் குடித்தார். குரலைத் தாழ்த்தினார். "சத்தம் போடாதம்மா. அந்த இடத்தை உனக்கே போட்டுடறேன். கையெழுத்துப் போடு."

பேனாவை நீட்டினார். வாங்கிக்கொண்டாள். கைப்பையில் போன் அதிர்ந்தது; கணவனாகத்தான் இருக்கும். வாசலருகே கண்ணாடிக்காரர் தன் ஆணையை நாலாக மடித்துக்கொண்டிருந்தார்.

"எனக்குக் கொடுக்க முடியுதுன்னா, அவருக்கு ஏன் காட்டல?" கூடத்துக்கே கேட்டது.

"உனக்கு வேணுமா, வேணாமா?"

"வேணும் சார். பலகையில எழுதிட்டு, முதல் ஆள்ல இருந்து கூப்பிடுங்க."

"கிடைச்சதை வாங்கிட்டுப் போம்மா" என்றார் கண்ணாடிக்காரர். ஆனால் அவர் கால்கள் பலகையை நோக்கித் திரும்பிவிட்டன. "எழுதுங்க சார்!" என்று கூடம் பிடித்துக்கொண்டது.

ஏழாவது வரி ஏறியது. கண்ணாடிக்காரர் இரண்டு முறை படித்தார். "என் வீடும் அங்கதான் தாயி" என்று அவள் முகத்தைப் பார்க்காமல் சொல்லிவிட்டுக் கையெழுத்துப் போட்டார். சொந்த ஊர்க்காரி தன் ஊரை விட்டு அசையவில்லை. கண்ணாடிக்காரர் விட்ட இடம் இவளுக்கு வந்தது.

படிக்கட்டில் போனை எடுத்தாள்.

"பெரிய ஆஸ்பத்திரி கிடைச்சுதா?"

"கைக்கு வந்துச்சு. கொடுத்துட்டேன்."

"உனக்கென்ன பைத்தியமா?"

அவளுக்கு ஒரு கணம் கண்ணாடிக்காரர் மேலேயே எரிச்சல் வந்தது. ஏழாவது வரியைக் காலையிலேயே எழுதியிருந்தால் யாரும் எதையும் விட்டுக்கொடுத்திருக்க வேண்டாம். முறைப்படி இழந்துவிட்டு, முறைப்படி அழுதுவிட்டுப் போயிருப்பாள். பெற்ற மகளா, அடுத்தவர் உரிமையா என்று ஒரு பேனாவை நீட்டிக் கேட்க இவர்கள் யார்?

"தினம் ரெண்டும் ரெண்டும் நாலு மணி நேரம் பஸ்ஸு" என்றாள். "ஆனா தினம் வருவேன்."

மறுமுனையில் கணவன், "அவகிட்ட நீயே சொல்லு" என்று மகளிடம் போனைக் கொடுத்தான்.