ஜட்ஜ் ஐயாவின் நாலாவது சத்தியம்

1995 இலையுதிர்காலத்தில், கியூபெக் மாகாணம் பிரிவதா இல்லையா என்ற வாக்கெடுப்புக்குக் கனடா ஆயத்தமாகிக்கொண்டிருந்தபோது, சென் ஜேம்ஸ் ரவுண் குடியிருப்பில் எங்கள் கட்டடத்துக் கீழ்த்தள அறையில் நான் குடியுரிமை வகுப்பு நடத்திக்கொண்டிருந்தேன். வகுப்பு என்பது கொஞ்சம் பெரிய சொல். வயதானவர்கள் சிலர் வருவார்கள். நாடு உருவான கொன்ஃபெடரேஷன் 1867, கொடி 1965 என்று நான் சொல்ல, அவர்கள் திருப்பிச் சொல்வார்கள். ஆண்டுகள் என்றால் எனக்கு ஒரு பைத்தியம். ஆங்கிலம் தெரியாதவர்களுக்கு, குடியுரிமை விழாவில் சொல்லவேண்டிய சத்தியத்தின் ஆங்கில ஓசையை அப்படியே தமிழ் எழுத்தில் எழுதிக் கொடுத்துப் பாடமாக்க வைத்தேன்.

வந்தவர்களில் ஒருவர் இலங்கையில் மேல் நீதிமன்ற நீதிபதியாக இருந்து ஓய்வு பெற்றவர். கட்டடம் முழுவதும் அவரை 'ஜட்ஜ் ஐயா' என்றே கூப்பிட்டது. அவருக்கு என் பாடம் தேவையில்லை. மனைவிக்குத் துணையாக வந்து பின்வரிசையில் கைகட்டி இருப்பார். அவருடைய உத்தியோக வரலாற்றை நான் கேட்டது உடுப்புத் தோய்க்கும் அறையில்தான். மெஷின் சுற்றி முடியும்வரை பேசுவார். பேசி முடித்ததும் சேர்ட்டுகளைத் தானே மடிப்பார்.

வக்கீலாக இருந்தவர் 1960களில் நீதவானானார். கனடாவைப்போல அன்றைக்கு இலங்கைக்கும் இங்கிலாந்து ராணிதான். அவருக்கு விசுவாசமாக இருப்பதாகக் கை உயர்த்தினார். 1972இல் நாடு குடியரசானதும் அதே கையைக் குடியரசுக்கு உயர்த்தினார். பிறகு மாவட்ட நீதிபதி, மேல் நீதிமன்றம். 1983 யூலைக் கலவரத்தில் கொழும்பில் அவருடைய வீட்டை எரித்தார்கள். ஓகஸ்டில் அரசியலமைப்புக்கு ஆறாவது திருத்தம் வந்தது. தனிநாட்டை ஆதரிக்கமாட்டேன் என்று சத்தியம் செய்யாத நீதிபதி பதவியை விடவேண்டும். பிள்ளைகள் மூவரும் படித்துக்கொண்டிருந்தார்கள். பாதியில் நின்ற வழக்குகளில் ஆட்கள் விளக்கமறியல் சிறையில் இருந்தார்கள்.

"இரவல் சேர்ட்டோடை போய்ச் சத்தியம் செய்தனான்," என்றார். "வீட்டை எரிச்சவனிட்டை ஒருத்தரும் சத்தியம் கேக்கேல்லை. என்னட்டைக் கேட்டவை. அண்டைக்கு வாய் சொன்னது, நான் சொல்லேல்லை. இனி உப்பிடி ஒரு கையெடுப்பு இல்லையெண்டு அண்டைக்கே முடிவெடுத்தனான்."

அதனால் சோதனை முடிந்து, விழாவுக்கு வரச்சொல்லி இருவருக்கும் அழைப்பு வந்தபோது அவர் போகமாட்டேன் என்றார். மனைவி இடிந்துபோனார். லண்டனில் இருந்த மகள் முதல் பிள்ளைக்குக் காத்திருந்தாள். அவளைக் கண்டு பல வருடங்கள். இருவரும் கனடாப் பாஸ்போட் எடுத்துப் பிரசவத்துக்குப் போவதாக ஏற்பாடு. கணவன் இல்லாமல் மனைவி விமானம் ஏறமாட்டார்.

வகுப்பு முடிந்து கதிரைகளை அடுக்கிக்கொண்டிருக்கையில் மனைவி என்னிடம் முறையிட்டார். "தம்பி, நீராவது சொல்லும். ராணிக்குக் கை உயர்த்த வெக்கமாம்."

"வெக்கம்தான்," என்றார் அவர். "எழுபத்திரண்டிலை அவவைக் கைவிட்டனான். இப்ப என்ன முகத்தோடை திரும்பிப் போறது?"

மனைவி விடவில்லை. "அவ உங்களை நினைச்சு அழுதுகொண்டோ இருக்கிறா? உங்கடை கோர்ட்டிலை எத்தினை சனத்தைச் சத்தியம் செய்ய வைச்சனீங்கள்? மனசிலை இருந்துதான் சொல்லுறியளோ எண்டு ஆரையாவது கேட்டனீங்களோ?"

அவர் கையிலிருந்த கதிரையை மற்றதன்மேல் மெதுவாக வைத்தார்.

ஒக்ரோபர் 30ஆம் திகதி வாக்கெடுப்பு நடந்தது. மயிரிழையில் நாடு பிழைத்தது. மறுநாள் லிஃப்ற்றில் அவரைச் சந்தித்தேன். "பாத்தீரோ?" என்றார். "பிரியவோ எண்டு சனத்திட்டையே கேட்டாங்கள். எண்ணினாங்கள். ஒரு வீடு எரியேல்லை." அவருடைய மாடி வந்தது. கதவைக் கையால் மறித்துக்கொண்டு, "விழாவுக்கு எத்தினை மணிக்கு வெளிக்கிடோணும்?" என்று கேட்டார்.

விழா மண்டபத்தில் நான் அவர்களுக்கு நேர் பின்னால் பார்வையாளர் வரிசையில் இருந்தேன். ஜட்ஜ் ஐயாவுக்கு ஒரு பக்கம் மனைவி, மறுபக்கம் எங்கள் வகுப்புக்கு வந்த மட்டக்களப்பு அம்மா ஒருவர். குடியுரிமை நீதிபதியான ஒரு பெண்மணி மேடைக்கு வந்தார். எல்லோரும் எழும்புமுன் ஜட்ஜ் ஐயா எழும்பித் தலைகுனிந்தார். எல்லோரும் கை உயர்த்தி, அந்தப் பெண்மணி சொல்லச்சொல்லத் திருப்பிச் சொல்லத் தொடங்கினார்கள்.

மட்டக்களப்பு அம்மா நான் எழுதிக் கொடுத்ததை மளமளவென்று ஒப்பித்துக்கொண்டிருந்தார். ஜட்ஜ் ஐயா திடுக்கிட்டு அவர் பக்கம் குனிந்தார். "அக்கா, என்ன சொல்லுறியள் எண்டு தெரியுமோ?"

"தெரியா மகன். கலியாணத்தில ஐயர் சொன்னதும்தான் விளங்கல்ல. நாப்பது வருசம் குடும்பம் நடத்தல்லையா?"

விளங்காமல் செய்த சத்தியம் எந்த நீதிமன்றத்திலும் செல்லாது என்பது அவருக்கு ஊறிப்போன விஷயம். அவருடைய நீதிமன்றங்களில் மொழி விளங்காத எந்தச் சாட்சியும் மொழிபெயர்ப்பாளர் இல்லாமல் கூண்டில் ஏறியதில்லை. உயர்த்திய கையை இறக்கி, வாய்க்கருகில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு வரியையும் தமிழில் சொல்லத் தொடங்கினார். "ராணிக்கும் அவவுக்குப் பிறகு வாறவைக்கும் விசுவாசமா இருப்பன்... கனடாச் சட்டங்களுக்குக் கீழ்ப்படிஞ்சு நடப்பன்..." அந்த அம்மா இப்போது ஓசையை விட்டுவிட்டுத் தமிழில் நிறுத்தி நிறுத்திச் சொன்னார்.

சத்தியம் முடிந்து எல்லோரும் அமர்ந்தார்கள். மேடையிலிருந்த பெண்மணி அமரவில்லை. அவர் கவனித்துவிட்டார். "ஐயா, அந்த அம்மாவுக்கு உதவினீர்கள், நன்றி. ஆனால் நீங்கள் சத்தியம் செய்ததை நான் காணவில்லை," என்று ஆங்கிலத்தில் பணிவாகச் சொன்னார்.

மண்டபம் திரும்பிப் பார்த்தது. மனைவி தன் சேலைத் தலைப்பை இறுக்கிப் பிடித்தார். அவர் இன்னும் மாட்டேன் என்று சொல்லலாம்; பேசாமல் வெளியே நடந்துபோகவும் முடியும்.

அவர் எழும்பினார். கோட்டுப் பொத்தானைப் பூட்டினார். வலது கையை உயர்த்தி, யாரும் சொல்லிக்கொடுக்காமல், முழுச் சத்தியத்தையும் ஆங்கிலத்தில் தனியாகச் சொன்னார். தீர்ப்பு வாசிப்பவருடைய வேகம். ஒரு சொல்லையும் விழுங்கவில்லை. பின்வரிசையில் யாரோ கைதட்ட, மண்டபமே தட்டியது.

வெளியே வந்ததும் நான் அவருடைய கையைப் பிடித்துக் குலுக்கினேன். "இந்தமுறை ஆர் சொன்னது ஐயா, வாயோ நீங்களோ?"

"நான்தான்," என்றார்.

மனைவி அவருடைய கையை என் கையிலிருந்து பிரித்தெடுத்தார். "இஞ்சாருங்கோ, நிண்டு கதைக்காதேங்கோ. பாஸ்போட்டுக்குப் படம் எடுக்கோணும், கடைக்காரன் பூட்டிப்போடுவான்."