ரதியின் மரண அறிவித்தல்

முப்பது வருடங்களாக இந்த லண்டனில் திருநங்கைகளுக்காக அலைந்து கால் ஓய்ந்துவிட்டது. நானும் அவர்களில் ஒருத்திதான். தமிழ்ப் பிள்ளைகள், கறுப்பினப் பிள்ளைகள் எல்லோரும் தேர்ந்துகொண்ட பெயருக்காகவும் கவுன்சிலிலும் ஆஸ்பத்திரியிலும் சண்டை பிடித்தவள். ஆனால் ரதியின் விஷயத்தில் பிழை என்னுடையது.

இங்கே எட்மண்டனில் எங்களில் ஒருத்தியான ரதி இறந்தபோது, மரண அறிவித்தலை அச்சுக்குக் கொடுக்குமுன் அவள் தம்பி என்னிடம் கொண்டுவந்தான்.

"ஒருக்கா வாசிச்சுப் பாருங்கோ அக்கா. சரியோ?"

நான் எழுத்துக்கூட்டித்தான் வாசிப்பேன். அதைச் சொல்லக் கௌரவம் விடவில்லை. பொட்டு வைத்த ரதியின் படத்தை மட்டும் பார்த்தேன்.

"ஓம் தம்பி, நல்ல வடிவு."

இறுதிச் சடங்கன்று ஒரு தோழி அதை உரக்க வாசித்தாள். ரதி வெறுத்த பழைய ஆண் பெயர். கூடவே 'அன்பு மகன்'. நான் தம்பியிடம் பாய்ந்தேன்.

"அம்மா அப்பிடிப் போடச் சொன்னவ. நீங்கள் மறுத்தால் மாத்துவம் எண்டுதான் கொண்டு வந்தனான். நீங்கள்தானே அக்கா ஓம் எண்டனீங்கள்?"



எத்தனையோ அதிகாரிகளிடம் தோற்றிருக்கிறேன். அந்த அசதியெல்லாம் படுத்து எழும்பினால் போய்விடும். இது போகவில்லை. "எனக்கு வாசிக்க வராது தம்பி, நீயே வாசி" என்று அன்றைக்குச் சொல்லியிருந்தால், ரதி தன் பெயரோடு போயிருப்பாள்.