நாலு வாக்கியத்துக்காக ஒரு பயணம்

தோர்ண்டன் ஹீத் நிலையத்தில் காலை ஒன்பதரைக்கு விக்டோரியா ரயிலுக்காக நின்றபோது எனக்கு எரிச்சலாகத்தான் இருந்தது. திருச்சியிலிருந்து பத்து நாள் லண்டனைச் சுற்றிப் பார்க்க வந்தவன் நான். அன்றைக்குத் தேம்ஸில் படகேறத் திட்டம். நான் அறை எடுத்திருந்த வீட்டுக்காரர் சிவநாதன், யாழ்ப்பாணத்துக்காரர், முதல்நாளே அதில் மண்ணைப் போட்டுவிட்டார்.

"எனக்கு ஷிப்ட், தம்பி. மனுசன் தனியப் போனா ரயில் மாறி ஏறிப்போடுவார். ஒருக்காக் கூட்டிக்கொண்டு போட்டு வாங்கோ" என்றார்.

மனுசன் என்றது என் பக்கத்து அறை கோஜோவை. எழுபது தாண்டியவர். கானாவில் நாற்பது வருடம் சினிமாவில் அரசனாகவும் அப்பாவாகவும் நடித்தவர். மனைவியின் வைத்தியத்துக்காக லண்டன் வந்தார். அவள் போய்ச் சேர்ந்த பிறகு இங்கேயே தங்கிவிட்டார். இங்கே கிடைத்த வேடங்கள் இரண்டு, இரண்டும் பிணம். இன்றைக்கு ஒரு தொலைக்காட்சித் தொடரில் தாத்தா வேடத்துக்குத் தேர்வு. நாலே வாக்கியம். இதுவும் தவறினால் இனிக் கூப்பிட மாட்டோம் என்று ஏஜெண்ட் சொல்லியிருந்தார்.

கோஜோவின் ஊரில் வசனத்தை யாரும் எழுதித் தருவதில்லையாம். காலையில் இயக்குநர் கதையைச் சொல்வார், கேமரா ஓடும், நடிகன் வாயில் வருவதைப் பேச வேண்டும். அப்படியே பழகிய மனிதருக்கு, இங்கே வசனம் அச்சடித்துக் கொடுத்த தாள் எமனாக வந்து வாய்த்தது. ஒரு வாரமாகச் சிவநாதன் அடுப்படியில் கரண்டியோடு பேத்தியாக நின்று ஒத்திகை பார்த்தார். நான் சிரித்திருக்கிறேன்.

விக்டோரியாவிலிருந்து 38ஆம் எண் பேருந்து, கட்டணம் ஒன்றேமுக்கால் பவுண்ட். பிக்கடில்லி தாண்டி ஒரு சந்துக்குள் மூன்றாம் மாடி. அறைக்கதவு சரியாகச் சாத்தவில்லை, வெளியே இருந்த எனக்கு எல்லாம் கேட்டது.

முதல் முறை கோஜோ மடை திறந்தது போலப் பேசினார். எதிரில் பேத்தியாகப் படித்த பெண்ணின் குரல் தழுதழுத்தது. ஆனால் தாளில் இருந்த ஒரு வாக்கியமும் அதில் இல்லை. எழுதியதை மட்டும் சொல்லுங்கள் என்றார்கள், மரியாதையாகத்தான். இரண்டாம் முறையும் தடம் மாறினார். மூன்றாம் முறை ஒரு சொல் பிசகவில்லை. ரயில் நிலைய அறிவிப்பு போல இருந்தது. நன்றி சொல்லி அனுப்பிவிட்டார்கள்.

திரும்பும் ரயிலில் எதிர் இருக்கைப் பெண் அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். கானாக்காரி. சட்டென்று எழுந்து, முழங்காலை மடக்கி அவருக்கு வணக்கம் சொன்னாள். பிறகு ஆங்கிலத்தில், ஓடிப்போன மகனுக்காக ஒரு படத்தில் அவர் பேசியதைச் சொல்லிக் காட்டினாள்.

"அவன் செருப்பை வாசலிலேயே விடுங்கள். வெறுங்காலோடு எவ்வளவு தூரம் போய்விடுவான்?"

கோஜோ விழித்தார். "நானா சொன்னேன்?"

"நீங்கள்தான், அப்பா. என் அண்ணனின் செருப்பு இன்னும் எங்கள் வாசலில்தான் கிடக்கிறது."

இங்கே என்ன படம் செய்கிறீர்கள் என்று ஆசையாகக் கேட்டாள். பார்க்கலாம் என்று மட்டும் சொன்னார். அவள் பாலமில் இறங்கியதும், அவள் சொன்னதைத் திருப்பிச் சொல்லும்படி என்னைக் கேட்டார். சொன்னேன். வீடுவரை உதடு அசைந்துகொண்டே வந்தது. வாசலில் கால் வைக்கும்போது அவருடைய போனில் ஏஜெண்டின் குறுஞ்செய்தி வந்தது. வேடம் இல்லை.

சிவநாதன் அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தார். "சாப்பிட வாங்கோ" என்றார். கோஜோ மாடி ஏறிவிட்டார்.

நான் ஊர் திரும்பும் நாளில் விடைபெறப் போனேன். எங்கள் ஊரில் நடிகன் மறந்த வசனத்தைக்கூட ஆட்டோவின் முதுகில் எழுதி வைப்பார்கள் என்று ஆறுதலாக ஏதோ உளறினேன். அவர் கையமர்த்திவிட்டு எழுந்து நின்று, அந்தச் செருப்பு வசனத்தைச் சொன்னார். ஒரு சொல் பிசகவில்லை.

அன்று தேர்வு அறையில் மூன்றாம் முறை பேசியதைப் போலவே இருந்தது. அது அவருக்கும் தெரிந்தது. உட்கார்ந்துவிட்டார்.