மொஹாச்சில் ராஜா சாகாத நாள்

போன ஆகஸ்ட் இருபத்தொன்பதாம் தேதி எங்கள் ஊர் மொஹாச்சில் ராஜா சாகவில்லை. ஹங்கேரியின் லாயோஷ் ராஜா துருக்கியரிடம் தோற்று ஓடும் வழியில், செலே ஓடையில் குதிரையோடு விழுந்து மூழ்கிச் செத்தார் என்பது எங்கள் ஊரில் பால்குடிக் குழந்தைக்கும் தெரியும். ஐந்நூறு வருடக் கதை அது. எங்கள் ஆறு பேர் குழு பதினொரு வருடமாக, ஒரு வருடம் தவறாமல், கம்ப்யூட்டர் விளையாட்டில் அவரை அதே ஓடையில் மூழ்கடித்துக்கொண்டிருந்தது. மூழ்கடித்த கை வெண்டெலுடையது. இந்த முறை காப்பாற்றியதும் அதே கைதான்.

வெண்டெல் பெரிய ஆள் ஒன்றுமில்லை. டான்யூப் ஆற்றில் எங்கள் ஊருக்கும் எதிர்த் தீவுக்கும் நடுவே கார்களை ஏற்றிப் போகும் படகில் வேலை. கயிறு கட்டுவார், கயிறு அவிழ்ப்பார், டிக்கெட் கிழிப்பார். இருபத்தெட்டு வருடமாக அதே ஆறு, அதே இரண்டு கரை. பிறந்தது தீவில், பெண் எடுத்தது ஊரில். மனைவி ரோசாலியா ரொட்டிக் கடையில் நிற்கிறாள். பேச்சு என்றால் வெண்டெலுக்கு வேப்பங்காய். எதைக் கேட்டாலும் "ஆகட்டும்" என்பார். நான் முடி திருத்துகிறவள், ஊர் முழுக்க என் நாற்காலியில் உட்கார்ந்து வாய் ஓயாமல் பேசும். வெண்டெல் மட்டும் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருப்பார்.

அவரை இந்த விளையாட்டுக்குள் இழுத்துவிட்டது அவருடைய மகன் கெர்கோ. அப்போது பையனுக்குப் பத்து வயது. ராஜ்யங்களைப் பிடிக்கிற அந்த விளையாட்டை வீட்டுக் கம்ப்யூட்டரில் ஏற்றி, "அப்பா, நீங்க ஹங்கேரி எடுங்க" என்று உட்கார வைத்தானாம். அதில் ஹங்கேரி லேசுப்பட்ட நாடு இல்லை. எங்கோ ஹாலந்தில் இருக்கும் பையன்கள் அதை எடுத்து, ஒரு மழை நாளில் கான்ஸ்டான்டிநோபிள் வரை பிடித்துவிட்டு, சாயங்காலம் சாப்பிடப் போகிறார்கள். நாங்களும் சளைத்தவர்கள் இல்லை. நானே ஒரு பிப்ரவரியில் வெனிஸைப் பிடித்தேன்.

ஆனால் வருடத்தில் ஒரு நாள் மட்டும் நாங்கள் ஜெயிக்க மாட்டோம். அது ஓடோன் மாமா போட்ட சட்டம். மாமா ரயில்வே அலுவலகத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். விளையாட்டைச் செய்த வெளிநாட்டுக்காரர்கள் வரைபடத்தில் எங்கள் ஊரையே வைக்கவில்லை என்று கொதித்துப்போய், இரண்டு குளிர்காலம் உட்கார்ந்து, சதுப்பு நிலம், திராட்சை மேடு, செலே ஓடை என்று எல்லாவற்றையும் தானே வரைந்து சேர்த்தார். சண்டை நடந்த தேதியில், பழைய தீயணைப்பு நிலையத்தின் பின் அறையில், மதியம் மூன்று மணிக்கு உட்காருவோம். நடந்தது நடந்தபடியே நடக்க வேண்டும். தோற்போம், மாலையில் மழை வரும், ஓடை பெருகும், ராஜா மூழ்குவார். ஒரு நிமிடம் எழுந்து நிற்போம். பிறகு வெளியே கொப்பரையில் கொதிக்கும் மீன் சூப்பைக் குடித்துவிட்டு வீட்டுக்குப் போவோம்.

யார் எந்தப் பக்கம் என்பதை முதல் வருடமே சீட்டுப் போட்டுப் பார்த்தோம். எனக்கு சுல்தான் விழுந்தது. அன்றிலிருந்து சந்தையில்கூட "சுல்தானம்மா, வெங்காயம் என்ன விலைக்கு வாங்கினீங்க?" என்றுதான் கேட்கிறார்கள். டாக்ஸி ஓட்டும் லுகாச்சுக்கு, ராஜாவுக்கு உதவிக்கு வர வேண்டிய ட்ரான்சில்வேனியப் படை. அது சண்டைக்கு வந்து சேரவே இல்லை. அதனால் லுகாச் நாள் முழுக்கச் சூரியகாந்தி விதையைக் கடித்துத் துப்பிக்கொண்டு, படையை மெதுவாக நகர்த்துவான். வெண்டெலுக்கு ராஜா. "ஆகட்டும்" என்றார்.

ராஜாவுக்கு அப்போது என்ன வயது? இருபது. திரையில், அவருடைய சின்னப் படத்துக்குக் கீழே, எண் எழுதியே இருக்கும். பதினொரு வருடமாக அது என் கண்ணில் பட்டுக்கொண்டுதான் இருந்தது. ஆனால் எங்களுக்கு லாயோஷ் என்றால் சிலை, பாடப்புத்தகம், பூங்காவின் பெயர். சிலைக்கு யார் வயது பார்ப்பார்கள்?

மூன்று வருடத்துக்கு முன், ஜூன் மாதம், கெர்கோ டான்யூபில் மூழ்கிப் போனான். தீவுப் பக்கத்து மணல் திட்டில் நண்பர்களோடு குளிக்கப் போனவன். நட்டநடு மத்தியானம். அந்த நேரத்தில் வெண்டெல் படகில், ஆற்றின் நடுவில், ஏழு கார்களோடு இருந்தார். கரையில் பையன்கள் ஓடுவதையும் கத்துவதையும் பார்த்தார். யாருக்கோ என்னமோ என்று நினைத்தாராம். கரை வந்ததும் வழக்கம்போலக் கயிறு கட்டினாராம். அதற்குப் பிறகுதான் சொன்னார்கள். கெர்கோவுக்கு வயது இருபது. அடக்கத்துக்கு முன் அவனுக்கு முடி திருத்தியவள் நான். இதை நான் சொல்லாமல் விட்டால் மீதியைச் சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை.

அந்த வருடம் ஆகஸ்ட் வந்தது. வெண்டெல் வருவாரோ மாட்டாரோ என்று பேசிக்கொண்டோம். வந்தார். தன் இடத்தில் உட்கார்ந்தார். சொன்னபடி ராஜாவை ஓடைக்குக் கொண்டுபோனார். மூழ்கியதும் நாங்கள் எழுந்து நின்றோம். அன்று நான் லுகாச்சிடம் என்ன சொன்னேன் தெரியுமா? "பாவம், நாலு பேரோட இருந்தா மனசு கொஞ்சம் ஆறும்." இப்படிச் சொல்லிவிட்டு இரண்டு கிண்ணம் சூப் குடித்தேன். அடுத்த வருடமும் அப்படியே. ஆறு பேர் இருந்த அறையில் ஒருவருக்குக்கூட உறைக்கவில்லை. ஊர்க்கதை முழுக்கத் தெரிந்த எனக்கு உறைக்கவில்லை.

இந்த முறை எல்லாம் சரியாகத்தான் தொடங்கியது. என் பீரங்கிகள் ஹங்கேரியக் குதிரைப்படையைச் சிதறடித்தன. ஆறு மணிக்கு வரைபடத்தில் மழை இறங்கியது. வெண்டெல் ராஜாவை வடக்கே திருப்பினார். ஓடோன் மாமா கறுப்பு டையைச் சரிசெய்துகொண்டு அவர் பின்னால் போய் நின்றார். அது அவர் வழக்கம்.

"வெண்டெல், ஓடை வலது பக்கம்."

"தெரியும் மாமா."

"அப்புறம் ஏன்ப்பா இடது பக்கம் போறே?"

"ராஜாவோட குதிரைக்கு இந்த வருஷம் தண்ணி பிடிக்கலையாம்," என்றான் லுகாச். நாங்கள் சிரித்தோம். வெண்டெல் சிரிக்கவில்லை.

ராஜா திராட்சை மேட்டில் ஏறினார். மேட்டுக்குப் பின்னால் ஓடை ஒரு முழம்தான் அகலம். மாமா ஒழுங்காக அளந்து வரைந்த வரைபடம் அல்லவா, அங்கே ஓடை உண்மையிலேயே அவ்வளவுதான். குதிரை தாண்டிவிட்டது. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பதினொரு வருடத்தில் ராஜா அந்தப் பக்கத்துப் புல்லை மிதித்ததே இல்லை. லுகாச்சின் வாயில் சூரியகாந்தி விதை கடிபடாமல் அப்படியே நின்றது.

"தப்பாப் போயிடுச்சு," என்றார் மாமா. குரல் உடைந்தது. "பரவாயில்ல, பழைய இடத்துக்குத் திருப்பிப் போடு. மறுபடி ஓட்டிக்கலாம்."

"வேணாம் மாமா."

"என்ன வேணாம்? இது விளையாட்டாப்பா? இது நம்ம ஊரு. செத்தவங்களுக்குன்னு ஒரு மரியாதை இல்லையா?"

மாமா என் பக்கம் திரும்பினார்.

"பிரோஷ்கா, உன் குதிரைப்படை பக்கத்துலதானே நிக்குது? அனுப்பு. முடிச்சுவிடு."

நான் அனுப்பினேன். மறைத்து என்ன ஆகப் போகிறது? மாமா சொன்னார், பழக்கமும் இருந்தது, கை தானாகப் போனது. முந்நூறு குதிரைகள் மேட்டில் ஏறின. நடுவே, திரையில், இரண்டு விரல் இடைவெளிதான் இருந்தது.

வெண்டெல் திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னார்: "அவனுக்கு இருபது வயசும்மா."

கையை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. எப்படியோ படையை நிறுத்தினேன். எந்த விசையை அழுத்தினேன் என்று இப்போது கேட்டாலும் தெரியாது. அறையில் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. ஓடோன் மாமா பக்கத்து நாற்காலியைத் தடவிப் பிடித்து உட்கார்ந்தார்.

"எனக்குத் தோணவே இல்லையேப்பா," என்றார். "சத்தியமாத் தோணல."

"எனக்கே முதல் வருஷம் தோணல மாமா," என்றார் வெண்டெல். அவர் அவ்வளவு நீளமாகப் பேசி நான் கேட்டதில்லை. "கை பாட்டுக்குப் பண்ணிருச்சு. வீட்டுக்குப் போனேன். ரோசாலியா சாப்பாட்டை எடுத்து வச்சுக்கிட்டே, 'ராஜா மூழ்கினாரா?'ன்னு கேட்டா. எப்பவும் கேக்கறதுதான். கேட்டதும் ரெண்டு பேரும் அப்படியே நின்னுட்டோம்."

"அப்புறம் போன வருஷம் ஏண்ணே வந்தீங்க?" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது.

"தெரிஞ்சேதான் வந்தேன். நீங்கல்லாம் எந்திரிச்சு நிக்கக் காத்துக்கிட்டு இருந்தீங்க. வெளியில சூப் வேற கொதிச்சுக்கிட்டு இருந்துச்சு. அதை எதுக்குக் கெடுப்பானேன்னு பண்ணிட்டேன்."

சூப்புக்காக ஒரு மனிதர், தன் மகன் வயதுப் பையனைத் தன் கையால் தண்ணீரில் தள்ளியிருக்கிறார். தள்ளச் சொல்லிப் பின்னால் நின்றவர்கள் நாங்கள். லுகாச் எழுந்து போய் ஜன்னல் பக்கம் திரும்பி நின்றுகொண்டான். அவன் தோள் குலுங்கியது.

வெண்டெல் ஓடோன் மாமா பக்கம் திரும்பினார்.

"மாமா, ராஜாவுக்குப் பிறந்த நாள் எப்போ?"

"ஜூலை ஒண்ணு," என்றார் மாமா. வரலாறு கேட்டால் அவருக்கு எந்த நிலையிலும் பதில் வரும்.

"அதுவரைக்கும் ஓட்டலாமா? இருபத்தொண்ணு ஆகுறதைப் பாக்கணும்."

ஓட்டினோம். அந்த விளையாட்டில் ஒரு மாதம் ஓட ஒரு நிமிடத்துக்கு மேல் ஆகும். நான் என் படையை மொத்தமாகத் தெற்கே இழுத்து, ஆற்றுக்கு அப்பால் நிறுத்தினேன். லுகாச் கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்து உட்கார்ந்து, ட்ரான்சில்வேனியப் படையை, ராஜா போய்ச் சேர்ந்த தலைநகர் புடாவுக்கு விரட்டிக்கொண்டு வந்து, ராஜாவைச் சுற்றி நிறுத்தினான். ஐந்நூறு வருடத்தில் முதல் முறையாக அது நேரத்துக்கு வந்து சேர்ந்தது. இதைச் சொல்லி அவனே கேலி பண்ணுவான் என்று பார்த்தேன். பண்ணவில்லை.

ஜனவரியில் திரையில் ஓர் அறிவிப்பு வந்தது. ராஜாவுக்குக் காய்ச்சல். இந்த விளையாட்டில் ராஜாக்கள் இப்படித் திடீரென்று படுப்பார்கள், சில பேர் எழுந்திருக்க மாட்டார்கள். மற்ற ஐந்து பேரும் வெண்டெலைச் சுற்றிக் கூடிவிட்டோம். திரை இரண்டு வழி காட்டியது: வைத்தியரைக் கூப்பிடலாம், அல்லது ஓய்வு கொடுத்துவிட்டுக் காத்திருக்கலாம்.

"வைத்தியர், வைத்தியர்," என்றார் மாமா. "கஞ்சத்தனம் பண்ணாதே, நல்ல ஆளாக் கூப்பிடு." டையை எப்போது கழற்றினார் என்று நான் கவனிக்கவில்லை.

பிப்ரவரி வந்தது. காய்ச்சல் இறங்கவில்லை. மார்ச் வந்தது. மாமா வாய்க்குள் ஜெபம் சொல்வது எனக்குக் கேட்டது. கம்ப்யூட்டர் பொம்மைக்கு ஜெபம் சொல்கிற நிலைமைக்கு வந்துவிட்டோம் என்று சிரிப்பு வர வேண்டும். எனக்கு வந்தது பயம். அவன் இப்போது செத்துவிட்டால் வெண்டெலை எப்படி வீட்டுக்கு அனுப்புவது? ஏப்ரலில் ராஜா எழுந்தார். மே போனது. ஜூன் ஓடும்போது வெண்டெல் இரண்டு கையையும் எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். கெர்கோ போன மாதம் அது.

ஜூலை ஒன்று. சின்னப் படத்துக்குக் கீழே எண் மாறியது. இருபத்தொன்று.

யாரும் கை தட்டவில்லை. மாமா வெண்டெலின் தோளில் கை வைத்தார். திரையில் ஒரு கட்டம் திறந்து, ராஜா அடுத்து என்ன செய்ய வேண்டும் என்று கேட்டது. கல்யாணம், கோட்டை, படை, பயணம் என்று வரிசையாக நின்றது. வெண்டெல் அதை மேலிருந்து கீழ்வரை படித்தார், மறுபடி மேலே போய்ப் படித்தார். எதையும் தொடவில்லை. பிறகு என் பக்கம் திரும்பினார்.

"பிரோஷ்கா," என்றார். "இருபத்தொண்ணுல ஒரு பையன் என்ன பண்ணுவான்னு எனக்குத் தெரியலையேம்மா."