துட்டி கேட்க வந்தவர்

கொழும்புக் கடையில் அப்பாவுக்குக் கூட்டாளியாக இருந்த எங்கள் தெருக்காரர்தான் அப்பாவின் சாவுச் செய்தியோடு சங்கரன்கோவிலுக்கு வந்தார். மாரடைப்பாம்! கதறி அழுது துட்டி கேட்டவருக்கு அம்மா சோறு போட்டாள். பிறகு ஊர் திரும்பிய கடைப் பணியாள்தான், அப்பாவைக் குத்திக் கொன்றதே அந்தக் கூட்டாளிதான் என்றும் கொழும்புப் போலீஸ் தேடுவதாகவும் சொன்னான்.

"அங்கன நடந்த கொலைக்கு இங்கன எப்படிம்மா கேஸ் போட?" என்றது எங்களூர் போலீஸ்.

வக்கீலான தாய்மாமா அம்மாவைத் தேற்றினார். "அவன் இந்தியன்தானக்கா. டெல்லி அனுமதிச்சா இங்கனயே விசாரிக்கலாம். நான் வாங்கித் தாரேன்."

நம்பிக் காத்திருந்தோம். வருசா வருசம் ஆடித்தபசுத் திருவிழா வந்து கழிந்தது. ஒருநாள் மாமா வெற்றிலைத் தட்டோடு வந்து மகள் கல்யாணத்துக்கு அழைத்தார். மாப்பிள்ளை, அப்பாவைக் கொன்றவரின் மகன்.

அம்மா தட்டை வாங்கவில்லை.

"டெல்லிதான் இன்னும் ஒண்ணும் சொல்லலியேக்கா" என்றார் மாமா.